இன்ஜின் இல்லாத விமானம்!

இன்ஜின் கிடையாது. பெட்ரோல் கிடையாது. ஆனாலும் ஆளை ஏற்றிக்கொண்டு மணிக்கணக்கில் பறக்கும். அது என்ன? விடுகதை இல்லை தோழிகளே, தோழர்களே! நிஜமாகவே இருக்கிறது. அதன் பெயர் கிளைடர்.

"கீழே விழுந்துடாதா?" என்று கேட்பீர்கள். உண்மையில் கிளைடர் எப்போதும் இறங்கிக்கொண்டேதான் இருக்கிறது. நாம் சறுக்குமரத்தில் சறுக்குகிற மாதிரி அது காற்றில் சறுக்குகிறது. அந்த வேகத்தில் இறக்கையைச் சுற்றிக் காற்று ஓடும்போது தூக்குவிசை கிடைக்கிறது. அதனால் தொப்பென்று விழாமல் மெதுவாக இறங்குகிறது. பழங்காநத்தத்துக்கு மேலே 1 கி.மீ. உயரத்தில் ஒரு நல்ல கிளைடரை விட்டால் திருமங்கலம் வரை போய்விடும்.

அப்படியானால் மணிக்கணக்கில் பறப்பது எப்படி? பதில் நம்ம பசுமலைக்கு மேலேயே இருக்கிறது. மத்தியான வெயிலில் பருந்து சிறகை அடிக்காமல் வட்டம் போட்டே மேலே போகும், பார்த்திருப்பீர்கள். பாறையும் தார் ரோடும் சூடானால் அதை ஒட்டிய காற்றும் சூடாகி, லேசாகி, மேலே எழும்பும். பருந்து இறங்குவதைவிட அந்தக் காற்று வேகமாக ஏறினால் பருந்தும் ஏறும். கிளைடர் ஓட்டுபவரும் இதையேதான் செய்கிறார். பருந்து எங்கே சுற்றுகிறது என்று பார்த்து அங்கே போவார்!

இதை முதலில் ஒழுங்காகச் செய்து காட்டியவர் ஜெர்மனியைச் சேர்ந்த ஓட்டோ லிலியந்தால். நாரைகள் பறப்பதைக் கவனித்துப் படித்தார். வில்லோ மரக் குச்சிகளாலும் பருத்தித் துணியாலும் தானே கிளைடர் செய்தார். 1891 முதல் சுமார் 2000 தடவை பறந்தார். ஆனால் திருப்புவதற்கு உடம்பை ஆட்டுவதைத் தவிர வேறு வழி அதில் இல்லை. 1896 ஆகஸ்ட் 9-ல் காற்று மாறியதும் அவரால் சமாளிக்க முடியவில்லை. கீழே விழுந்து மறுநாள் இறந்தார். அவருக்குப் பின் வந்த ரைட் சகோதரர்கள் முதலில் கிளைடரைத் திருப்பக் கற்றுக்கொண்டார்கள். அதற்குப் பிறகுதான் 1903-ல் இன்ஜின் வைத்தார்கள்.

நம் இந்தியாவிலும் கிளைடர்கள் செய்திருக்கிறார்கள். அஸ்வினி, பரணி, கார்த்திக், ரோகிணி என்று பெயர்கள்! பஞ்சாங்கம் படிக்கிற மாதிரி இருக்கிறதல்லவா? இதில் கார்த்திக் ஒருவர் மட்டும் உட்காரும் கிளைடர். வடிவமைத்தவர் எஸ். ராமாமிர்தம். மரத்தாலும் பிளைவுட்டாலும் செய்த இது 1963-ல் முதலில் பறந்தது. இறக்கையின் நீளம் இந்த முனையிலிருந்து அந்த முனை வரை 15 மீட்டர். ஒரு டவுன் பஸ்ஸைவிட நீளம்! இறக்கைக்குக் கீழே இருக்கும் காற்று முனை வழியாகச் சுருண்டு மேலே ஓடப் பார்க்கும். அது கிளைடரைப் பின்னால் இழுக்கும். இறக்கை நீளமாகவும் ஒடுக்கமாகவும் இருந்தால் அந்த இழுப்பு குறையும்.

ஓட்டுபவர் உட்காருவது மூக்குப் பக்கம். அவருடைய எடைதான் கிளைடரைச் சமன் செய்கிறது. ரொம்ப ஒல்லியான ஆள் என்றால் கூடவே எடைக்கட்டி வைக்க வேண்டும். இல்லாவிட்டால் மூக்கு தூக்கிக்கொண்டு ஆபத்தாகிவிடும்.

"இது சும்மா விளையாட்டுதானே?" என்று நினைக்காதீர்கள். 1983-ல் கனடாவில் ஒரு பெரிய பயணிகள் விமானத்துக்கு நடுவானில் எரிபொருள் தீர்ந்துவிட்டது. காரணம், கிலோகிராமுக்குப் பதில் பவுண்டு கணக்கில் எரிபொருளை அளந்துவிட்டார்கள்! விமானி ராபர்ட் பியர்சன் கிளைடர் ஓட்டிப் பழகியவர். இன்ஜின் நின்ற விமானத்தைச் சறுக்கியே கிம்லி என்ற இடத்தில் இறக்கினார். விமானத்தில் இருந்த 69 பேரும் பிழைத்தார்கள். இனி கணக்கில் அலகு எழுத மறப்பீர்களா?

செய்து பாருங்கள்: காகித விமானம் ஒன்று செய்து பறக்க விடுங்கள். பிறகு மூக்கில் ஒரு ஜெம் கிளிப் மாட்டி விடுங்கள். அடுத்து கிளிப்பை வாலில் மாட்டி விடுங்கள். எது நேராகப் போகிறது? ஏன்?

– 9-ஆம் வகுப்பு மாணவி