வழக்கில் சிக்கியதால் பிழைத்த படம்!

போடிமெட்டில் டீ குடித்துவிட்டு நாலு எட்டு வைத்தால் கேரளா. ஒரு காலத்தில் அது திருவிதாங்கூர் சமஸ்தானம். போன வாரம் அங்கிருந்து போடிக்கு இறங்கும் பஸ்ஸில், 17 கொண்டை ஊசி வளைவுகளையும் மறந்து போனில் ஒரு படம் பார்த்தேன். 1925-ல் வந்த ‘ஒரோச்சி’ என்கிற ஜப்பானிய ஊமைப்படம். ஹெட்செட்டை மறந்துவிட்டுப் போனதில் நஷ்டமே இல்லை!

நேர்மையான ஒரு சாமுராயை ஊரே ரவுடி என்று முத்திரை குத்துகிறது. கடைசியில் ஒற்றை ஆளாக ஒரு கூட்டத்தையே எதிர்த்து வாள் வீசுகிறான். பெரிய மனிதர்கள் எல்லாரும் நல்லவர்கள் இல்லை என்று சொன்ன படத்தைத் தணிக்கை விடுமா? காட்சிகளை வெட்டினார்கள், தலைப்பையும் மாற்ற வைத்தார்கள். அங்கே தியேட்டரில் கதையை விளக்கிச் சொல்பவருக்குப் பெயர் ‘பென்ஷி’. நம்மூர்க் கொட்டகைகளிலும் திரைக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்ல ஆள் உண்டு. ‘ஒரோச்சி’ இன்று நம் கைக்குக் கிடைக்கிறது என்றால், பழைய பிரதிகளைத் தேடித்தேடிச் சேர்த்த மட்சுதா ஷுன்சுய் என்ற பென்ஷிக்குத்தான் நன்றி சொல்ல வேண்டும்.

வாள், சதி, ஆட்சிக் குழப்பம்... இந்தக் கதை நம் பக்கத்திலும் நடந்தது. படமாகவும் வந்தது. நாகர்கோவில் சுந்தர்ராஜ் தயாரித்து, பி.வி.ராவ் இயக்கிய ‘மார்த்தாண்ட வர்மா’, 1933. சி.வி.ராமன் பிள்ளை 1891-ல் எழுதிய மலையாள நாவல்தான் கதை. பட்டத்துக்கு உரிய இளவரசரை ஒழிக்க எட்டுவீட்டுப் பிள்ளைமார் சதி செய்கிறார்கள். அவர் ஒளிந்து திரிகிறார்.

நாவலின் உரிமை திருவனந்தபுரம் கமலாலயா புத்தக டிப்போவிடம் இருந்தது. அதைக் கேட்காமலே படம் எடுத்துவிட்டார்கள். திரையிட்ட சில நாட்களிலேயே வழக்கு. படம் நின்றது, பிரதி பதிப்பகத்தின் கைக்குப் போனது, போட்ட பணம் போச்சு. பாவம் சுந்தர்ராஜ்!

ஆனால், ஓடிய படங்களின் கதி என்ன? ஊர் ஊராகச் சுற்றித் தேய்ந்தன, தீப்பிடித்தன. சிலவற்றை வெள்ளி எடுக்க உருக்கினார்கள். நடராஜ முதலியார் சென்னையில் எடுத்த ‘கீசக வதம்’ இன்று இல்லை. சுந்தர்ராஜின் உறவினர் ஜே.சி.டேனியல் எடுத்த ‘விகதகுமாரன்’ படமும் இல்லை. யாரும் தொடாமல் கிடந்த ‘மார்த்தாண்ட வர்மா’ மட்டும் 1974-ல் புனே தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்குப் போய்ச் சேர்ந்தது.

படத்தின் தொடக்கத்தில் திருவிதாங்கூர் மகாராஜாவின் ஆராட்டு ஊர்வலம் வருகிறது. அது செட் இல்லை, நிஜ ஊர்வலம். கேமராவை வேடிக்கை பார்க்கிற கூட்டத்தில் நம் கொள்ளுத் தாத்தாக்கள் யாராவது இருக்கலாம்.