திரும்பிய காசோலையும் சிறைத்தண்டமும்

கடன் கொண்டவன் அதனைத் திருப்பிக் கொடாமை தன்னளவிற் குற்றமாகாது. அது குடியியல் வழக்கிற்குரியது. ஆயின் அக்கடனைத் தீர்ப்பதற்கெனக் கொடுத்த காசோலையை வங்கி பணமின்மையால் திருப்பிவிடின், கொடாமையே சிறைவாயிலைத் திறக்கும் குற்றமாகலாம். இந்தியாவும் இலங்கையும் இவ்விடயத்தில் ஒரே நோக்குடையன எனினும், சென்ற வழிகள் வேறு.

இந்தியாவில் 1989க்கு முன் காசோலை பெற்று ஏமாந்தவருக்குத் தண்டச் சட்டக்கோவையின் வஞ்சனைப் பிரிவே புகலிடம். காசோலையைக் கொடுத்த வேளையிலேயே ஏமாற்றும் எண்ணம் இருந்ததென அவர் நிறுவவேண்டும். மனத்துள் இருந்ததை மன்றில் நிறுவுவது எளிதோ? இக்குறையைக் களையவே 1881ஆம் ஆண்டின் மாற்றுமுறை ஆவணச் சட்டத்தில் 138ஆம் பிரிவு சேர்க்கப்பட்டு, 1989 ஏப்ரில் முதலாந் திகதி நடைமுறைக்கு வந்தது. இப்பிரிவின்படி ஏமாற்றும் எண்ணத்தை மெய்ப்பிக்க வேண்டுவதில்லை. காசோலை திரும்புமென நம்பக் காரணமிருக்கவில்லை என்று எழுதியவர் கூறுவதும் எதிர்வாதமாகாது. காசோலை கடனுக்காகவே கொடுக்கப்பட்டதென நீதிமன்றம் அனுமானிக்கும். அன்றெனக் காட்டுஞ் சுமை எழுதியவரையே சாரும்.

இத்துணைக் கடுமையான சட்டம் ஒரு வாயிலைத் திறந்தும் வைத்துள்ளது. காசோலை திரும்பிய செய்தி கிடைத்த 30 நாட்களுக்குள் எழுத்தில் அறிவித்தல் கொடுத்தல் வேண்டும். அறிவித்தல் பெற்றவர் 15 நாட்களுக்குள் பணத்தைச் செலுத்திவிடின் குற்றமே இல்லை. செலுத்தாவிடின், அதன்பின் ஒரு மாதத்துள் முறைப்பாடு செய்யலாம். அப்பதினைந்து நாள் முடியுமுன்னரே செய்த முறைப்பாடு செல்லாதென 2014இல் உச்ச நீதிமன்றம் தீர்த்தது. எனவே இங்கே குற்றம் பிறப்பது காசோலை திரும்பிய நாளிலன்று, அறிவித்தலின் பின்னும் கொடாதிருந்த நாளிலேயாம். பலர் இதனை மயங்கியுணர்வர்.

தண்டனை முதலில் ஓராண்டு வரை சிறை என இருந்தது. 2002ஆம் ஆண்டுத் திருத்தம் அதனை ஈராண்டாக்கிற்று. காசோலைத் தொகையின் இருமடங்கு வரை தண்டப்பணமும் விதிக்கலாம். இவ்விருமடங்கே சட்டத்தின் நுட்பம். கடன் கொடுத்தவருக்கு மற்றவர் சிறையிருப்பதால் யாது பயன்? 2011இல் தீர்க்கப்பட்ட விஜயன் எதிர் பேபி வழக்கில், தண்டப்பணத்தை இருமடங்கு வரை விதித்து, அதிலிருந்து காசோலைத் தொகையையும் ஆண்டுக்கு நூற்றுக்கு 9 வீத வட்டியையும் பெறவேண்டியவருக்கு ஈடாக அளிக்குமாறு கீழ்நீதிமன்றங்களை உச்ச நீதிமன்றம் வேண்டிற்று.

இலங்கையிற் காசோலைக்குரிய பொதுவிதிகள் 1927ஆம் ஆண்டின் உண்டியல்கள் கட்டளைச் சட்டத்தில் உள. குற்றப்பொறுப்பைத் தந்தது 1990ஆம் ஆண்டின் 2ஆம் இலக்கக் கடன் அறவீட்டுச் சட்டமாகும். அதன் 25ஆம் பிரிவு வகுக்கப்பட்டபோது, வங்கியிற் பணமில்லை அல்லது போதாது என அறிந்து காசோலை எழுதுதல் குற்றமாயிற்று. ஓராண்டு வரை சிறை, அல்லது பத்தாயிரம் ரூபா, காசோலைத் தொகையிற் பத்து வீதம் ஆகியவற்றுள் மிக்கது தண்டப்பணம், அல்லது இவ்விரண்டும் என்பது அதன் அளவு. 'அறிந்து' என்ற அவ்வொரு சொல்லே இந்தியச் சட்டத்தினின்று இதனைப் பிரிக்கின்றது.

நெடுந்தீவிலிருந்து கருவாடு ஏற்றியனுப்பிய ஒரு வணிகரை எண்ணிப் பார்க்கலாம். குடாநாட்டு முதலாளி கொடுத்த பின்திகதியிட்ட காசோலை திரும்பிவிடுகின்றது. குற்றமுறைப்பாட்டுக்கு அவர் படகேறி, குறிகட்டுவானில் இறங்கி, ஊர்காவற்றுறை நீதவான் நீதிமன்றம் வரை செல்லவேண்டும்; முதலாளி அறிந்தே எழுதினார் எனவுங் காட்டவேண்டும். அதன்பின் விதிக்கப்படும் தண்டப்பணமோ அரசுக்குரியது. கருவாட்டின் விலையைப் பெறக் குடியியல் வழக்கே நேரிய வழி. சுருக்க நடைமுறை அங்கே அவருக்கு ஓரளவு துணைசெய்யும். சோழகக் கடல் கொந்தளிக்குங் காலத்தில் ஒவ்வொரு தவணையும் அவருக்கு ஒரு கூலிநாளுக்கு மேற்பட்ட இழப்பு. வழக்கு எங்கே தொடுக்கப்படும் என்பது சிறு விடயமன்று. 2014இல் இந்திய உச்ச நீதிமன்றம், காசோலை எழுதியவரது வங்கி உள்ள இடத்திலேயே வழக்கிட வேண்டுமென்றது. 2015ஆம் ஆண்டுத் திருத்தம் அதனை மாற்றி, பணம் பெறுபவர் தம் கணக்கிற் காசோலையை இட்டால் அக்கணக்குள்ள வங்கிக் கிளையின் எல்லைக்கே வழக்கைக் கொணர்ந்தது.

இணக்கத்தையும் இந்திய நீதிமன்றங்கள் ஊக்குகின்றன. 2025ஆம் ஆண்டுத் தீர்ப்பொன்றின்படி, எதிரி தன் சாட்சியத்தைத் தொடங்குமுன் பணத்தைச் செலுத்தினால் மேலதிகச் செலவில்லை. அதன்பின் விசாரணை நீதிமன்றத் தீர்ப்புக்கு முன்னராயின் 5 வீதம். செசன்சு நீதிமன்றம் அல்லது மாநில உயர்நீதிமன்றத்தில் ஏழரை வீதம். உச்ச நீதிமன்றம் வரை இழுத்தடித்தவருக்குப் 10 வீதம்.