குறும்படமும் ஒரு குருகுலமே

சங்கரன்கோவில் விசைத்தறித் தொழிலாளி ஒருவர் அண்மையில் நம்மை நாடி வந்தார். "சாமி, நம்ம பாடகர் குழுவில் கீபோர்டு வாசிக்கிற என் மகன், சிநேகிதர்கள் எடுக்கும் பத்து நிமிஷப் படத்துக்கு இசை போடுகிறேன் என்று இரவெல்லாம் விழித்திருக்கிறான். காசு ஒன்றும் கிடையாது. நீங்கள்தான் புத்தி சொல்ல வேண்டும்" என்றார். அந்தத் தந்தையின் கவலை நியாயமானதே. எனினும் உடனே கண்டிக்க நம் மனம் துணியவில்லை.

முற்காலத்தில் திரையிசை பயில விரும்பியோர் மூத்த இசையமைப்பாளர் ஒருவரிடம் உதவியாளராகச் சேர்வர். இளையராஜாவும் ஜி. கே. வெங்கடேஷிடம் பணியாற்றிய பின்னரே, 1976-இல் 'அன்னக்கிளி' வழியாக வெளியுலகிற்கு அறிமுகமானார். இன்று அந்தப் பயிற்சிக்கூடத்தின் இடத்தைப் பலருக்குக் குறும்படங்கள் நிரப்புகின்றன.

மதுரைப் பகுதியைச் சேர்ந்த ஜஸ்டின் பிரபாகரன் இதற்குச் சான்று. தொடக்கத்தில் குறும்படங்களுக்கு இசையமைத்தவர் அவர். கலைஞர் தொலைக்காட்சியின் 'நாளைய இயக்குநர்' நிகழ்ச்சி இளைஞர் பலரின் குறும்படங்களை வீடுதோறும் கொண்டுசேர்த்த காலம் அது. அதில் பங்குபெற்ற எஸ். யு. அருண்குமார், பழைய பிரீமியர் பத்மினி கார்மீது பெரியவர் ஒருவர் கொண்ட பாசத்தைச் சொல்லும் 'பண்ணையாரும் பத்மினியும்' என்னும் தம் குறும்படத்தை முழுநீளப் படமாக்கினார். 2014-இல் வெளியான அப்படமே ஜஸ்டினின் முதல் திரைப்படம். 2019-இல் தெலுங்குப் படமான 'டியர் காம்ரேட்' வரை அவருடைய பாதை நீண்டது.

குறும்படத்தில் பெரும்பாலும் பாட்டுக்கு இடமில்லை. வாத்தியக் குழுவை அமர்த்தப் பணமும் இல்லை. காட்சியை நொடி நொடியாக அளந்து, இசை எங்கே தொடங்க வேண்டும், உரையாடலுக்கு எங்கே வழிவிட வேண்டும், எங்கே முற்றிலும் அடங்க வேண்டும் என்று அறிவதே அங்குள்ள பாடம். தன் திறமையைக் காட்டுவதைவிடக் கதைக்குப் பணிசெய்வதே பெரிதென்று அது கற்பிக்கிறது.

மகனையும் அழைத்துப் பேசினோம். குறும்படம் செய்வோர் எல்லாரும் திரையுலகில் இடம்பெறுவதில்லை என்பதை மறைக்காமல் சொன்னோம். கல்லூரிப் படிப்பை முடிப்பதாக அவன் வாக்களித்தான். பின்பு தன் படத்தைக் காட்டினான். ஒரு காட்சியில் இசையே இல்லை. தறியின் ஓசை மட்டும் கேட்டது.

"இது நம்ம தறிதானே?" என்றார் தந்தை.

"ஆமாம் அப்பா. அதற்குமேல் எதையும் சேர்க்க மனம் வரவில்லை" என்றான் மகன்.

அவர் கண்களைத் துடைத்துக்கொண்டார். பெற்றோரே, பிள்ளைகளுக்குப் புத்தி சொல்லுமுன், அவர்கள் செய்ததை ஒருமுறை அமர்ந்து கேளுங்கள்.