கிதாபுல் அகானி: இசைவாணர் வரலாறும் அறிவிப்பாளர் வரிசையும்

அப்பாசியர் காலத்து பக்தாதைப் பற்றி எழுதுவோர் ஹாரூன் அர்-ரஷீதின் அரசவையைச் சித்திரிக்காமல் விடுவதில்லை. அங்கே பாடிய பாடகர்கள், அவர்கள் பெற்ற பரிசுகள், ஊத் என்னும் நரம்புக்கருவியின் இனிமை, அரச குடும்பத்துப் பெண்களின் இசைப்புலமை ஆகிய செய்திகள் நூலுக்கு நூல் திரும்பத் திரும்ப வருகின்றன. இவற்றின் மூலத்தைத் தேடிச் சென்றால் பெரும்பாலும் ஒரே நூலின் வாயிலில்தான் போய் நிற்போம். அபுல் ஃபரஜ் அல்-இஸ்ஃபஹானி தொகுத்த ‘கிதாபுல் அகானி’, அதாவது ‘பாடல்களின் நூல்’ என்பதே அது. ஒரு நாகரிகத்தைப் பற்றிய நம் மனச்சித்திரம் ஒரு நூலை இவ்வளவுக்குச் சார்ந்திருக்கும்போது, அந்நூல் எவ்வாறு உருவாயிற்று, அதை எவ்வாறு படிக்க வேண்டும் என்பதை அறிவது இன்றியமையாததாகும்.

அபுல் ஃபரஜ் ஹிஜ்ரி 284இல் (கி.பி. 897) பிறந்தவர். உமய்யாக்களின் மர்வான் கிளையில் வந்தவராயினும் ஷீஆ சார்புடையவர். அலீ (ரலி) அவர்களின் வழித்தோன்றல்களில் கொல்லப்பட்டோரின் வரலாறான ‘மகாதிலுத் தாலிபிய்யீன்’ என்ற நூலையும் அவர் இயற்றினார். வாழ்நாளின் பெரும்பகுதியை பக்தாதில் கழித்தார். அகானியைத் தொகுக்க ஐம்பது ஆண்டுகள் ஆயின என்றும், அலெப்போவின் ஆட்சியாளர் ஸைஃபுத் தவ்லா அதற்கு ஆயிரம் தீனார் அளித்து, அது குறைவே என வருந்தினார் என்றும் கூறப்படுகிறது. பிற்காலத்தில் இப்னு கல்தூன் தம் ‘முகத்திமா’வில் அதனை அரபுகளின் ஆவணக் களஞ்சியம் என்னும் பொருள்படப் போற்றினார்.

நூல் தோன்றிய காரணமே சிந்தனைக்குரியது. ஹாரூன் அர்-ரஷீத் சிறந்த நூறு பாடல்களைத் தெரிவு செய்யுமாறு தம் அவைப் பாடகர்களான இப்ராஹீம் அல்-மவ்ஸிலி, இப்னு ஜாமிஉ, ஃபுலைஹ் ஆகியோரைப் பணித்தார். இந்த நூறு பாடல்களே அகானியின் தொடக்கம். இப்ராஹீமின் மகன் இஸ்ஹாக் அல்-மவ்ஸிலி (மறைவு 850) அக்காலத்தின் தலைசிறந்த இசை அறிஞர். அவர் பெயரில் பாடல்களைப் பற்றிய பெருநூலொன்று மக்களிடையே வழங்கிவந்தது. ஆனால் தம் தந்தை அந்நூலை எழுதவேயில்லை என்று இஸ்ஹாக்கின் மகன் ஹம்மாத் மறுத்தார். இஸ்ஹாக்கின் மறைவுக்குப் பின் நூல்களைப் படியெடுத்து விற்கும் ‘வர்ராக்’ ஒருவர் அதைத் தொகுத்து, அவர் பெயரைச் சூட்டிவிட்டார் என்பதே செய்தி. எனவே நம்பத்தக்க ஒரு தொகுப்பு வேண்டும் எனப் பெரியவர் ஒருவர் கேட்டுக்கொண்டதன் பேரில் தாம் இப்பணியில் இறங்கியதாக அபுல் ஃபரஜ் முன்னுரையில் கூறுகிறார். ஆக, எது மெய், எது போலி என்ற கேள்வியிலிருந்துதான் இந்த இசை வரலாறு பிறந்தது.

அக்கேள்விக்கு விடைகாண அவர் கையாண்ட கருவி, ஹதீஸ்கலை நமக்கு நன்கு அறிமுகப்படுத்திய இஸ்னாதே ஆகும். முதலில் பாடலின் அடிகள் வரும். அடுத்து, கவிஞர் யார், மெட்டமைத்தவர் யார், அதன் தாளம் எது என்னும் குறிப்புகள். பின்னர் அக்கவிஞர், இசைவாணர் ஆகியோரின் வரலாறு. ஒவ்வொரு செய்திக்கும் முன்னால், இன்னார் எமக்கு அறிவித்தார், அவருக்கு இன்னார் அறிவித்தார் என அறிவிப்பாளர் வரிசை நிற்கிறது. ஒரே மெட்டுக்கு இருவர் உரிமை கொண்டாடப்பட்டால் இரு கூற்றுகளையும் தந்து, எது வலுவானது என்பதையும் ஆசிரியர் சுட்டுகிறார்.

இம்முறையால் வரலாற்றில் இடம்பெற வாய்ப்பே இல்லாத பலர் நம்மை வந்தடைந்தனர். தொடக்ககால இசைவாணர்களுள் பெரும்பாலோர் ‘மவாலீ’ எனப்பட்ட, அரபுக் குலங்களைச் சார்ந்து வாழ்ந்த விடுதலை பெற்ற அடிமைகளும் அவர்தம் வழியினருமே. மக்காவின் இப்னு மிஸ்ஜஹ், மதீனாவின் மஅபத் முதலியோர் இவ்வகையினர். மதீனாவில் ஜமீலா என்னும் பெண் பலருக்கு இசை ஆசானாக விளங்கினார். ஹாரூனின் சகோதரி உலய்யா கவிதை புனைந்து தாமே மெட்டமைத்தார். அடிமையாக விற்கப்பட்டு, பின்னர் விடுதலை பெற்று, முதுமை வரை புகழுடன் வாழ்ந்தவர் அரீப். அரசர்களையும் தளபதிகளையும் மட்டுமே நினைவில் நிறுத்தும் வரலாறுகளின் நடுவே இவர்களும் பெயரோடும் வம்சத்தோடும் பதிவாகியிருப்பது சிறிய செய்தியன்று.

ஆயினும் இசை நூலாக இது ஒரு பெரும் இழப்பையும் சுமந்து நிற்கிறது. சொற்கள் இருக்கின்றன, மெட்டுகள் இல்லை. ‘தகீல் அவ்வல்’, ‘ரமல்’, ‘ஹஸஜ்’ போன்ற தாளப்பெயரும், ஊதின் நரம்பில் நடுவிரல் வழியா, மோதிரவிரல் வழியா என்னும் குறிப்பும் மட்டுமே தரப்பட்டுள்ளன. இது இஸ்ஹாக் வகுத்த முறை. பாடலை ஏற்கெனவே காதால் கேட்டவருக்கு இக்குறிப்பு போதும். கேளாதவருக்கு அது பூட்டிய கதவு. சுரங்களுக்கு எழுத்தும் கால அளவுக்கு எண்ணும் இட்டு எழுதும் முறையை ஸஃபிய்யுத்தீன் அல்-உர்மவி கையாண்டது பதின்மூன்றாம் நூற்றாண்டிலேதான்.

இவ்விழப்பை அபுல் ஃபரஜே முன்னுணர்ந்திருந்தார். பழம்பாடலைக் கற்றவாறே பாட வேண்டும் என்பது இஸ்ஹாக்கின் கொள்கை. கலீபா மஹ்தியின் மகன் இப்ராஹீமோ தம் விருப்பம்போல் மெட்டை மாற்றிப் பாடியவர். அவர் வழியைப் பின்பற்றியோர் பெருகினர். ஒவ்வொரு தலைமுறையும் சிறிது மாற்ற, ஐந்து தலைமுறைக்குள் மூலத்தின் உண்மை வடிவம் எஞ்சாது என்று அபுல் ஃபரஜ் எச்சரிக்கிறார். ஹதீஸை அறிவிப்போரிடம் எதிர்பார்க்கப்பட்ட நேர்மையையே அவர் பாடகரிடமும் எதிர்பார்த்தார் எனலாம்.

இனி, அவரது நேர்மை பற்றிய கேள்விக்கு வருவோம். அவர் வர்ராக்குகளின் கடைவீதியில் ஏடுகளை வாங்கிக் குவித்து, அவற்றிலிருந்தே அறிவித்தார் என்று சாடிய நவ்பக்தீயின் கூற்றை கதீப் அல்-பக்தாதி பதிவு செய்துள்ளார். இத்தகையவரின் அறிவிப்பு நம்பத்தக்கதன்று என்பது இப்னுல் ஜவ்ஸீ (ரஹ்) அவர்களின் தீர்ப்பு. அவர் உண்மையாளராகவே தோன்றுகிறார் என்பது தஹபீ (ரஹ்) அவர்களின் கருத்து. நூலின் உள்ளே நோக்கினால், இப்னுல் கல்பீ வழியாக வந்த சில செய்திகளை எடுத்தெழுதிய பின், இவையனைத்தும் இட்டுக்கட்டப்பட்டவை என்று அவரே முத்திரையிடுவதைக் காண்கிறோம். மஜ்னூனின் கதைகளைச் சொல்லும்போது, இவற்றின் பொறுப்பு தம்மைச் சாராது என ஒதுங்கிக்கொள்கிறார். இப்னு குர்தாத்பிஹ் ஆராய்ந்து எழுதுபவரல்லர் எனக் குறை கூறுகிறார். அதாவது, அவர் எல்லாவற்றையும் நம்பச் சொல்லவில்லை. சாட்சியை நிறுத்தி, எடைபோடும் பொறுப்பை நம்மிடம் விடுகிறார்.

பின்னர் நேர்ந்ததுதான் வருந்தத்தக்கது. பதின்மூன்றாம் நூற்றாண்டில் இப்னு வாஸில் இந்நூலைச் சுருக்கியபோது இஸ்னாதுகளையும் இசைக்குறிப்புகளையும் நீக்கினார். ஊதின் நரம்புகளைப் பற்றிய பேச்சு களையப்பட்டது என்பதை அவர் நூலின் தலைப்பே அறிவிக்கிறது. படிக்க எளிதாயிற்று, ஆனால் சாட்சிகள் விலகிக் கதைகள் மட்டும் எஞ்சின. 1868இல் கெய்ரோவின் புலாக் அச்சகம் முழு நூலையும் இருபது பாகங்களாக வெளியிட்ட பின்னரும் பலர் அதைக் கதைக் களஞ்சியமாகவே படித்தனர். 1920களில் தாஹா ஹுஸைன், ஹிஜ்ரி இரண்டாம் நூற்றாண்டையே ஐயமும் கேளிக்கையும் மிகுந்த காலமாகக் காட்டியபோது இத்தகைய செய்திகளையே துணைக்கழைத்தார். அதன் எதிர்விளைவாக, ஈராக்கின் கவிஞர் வலீத் அல்-அஃழமி போன்றோர் அபுல் ஃபரஜை முற்றாகக் கண்டித்து நூலெழுதினர்.

இவ்விரு போக்குகளும் ஒரே பிழையின் இரு முகங்கள். பாடகரைப் பற்றிய நூலில் பாடகரே நிறைந்திருப்பர். அதைக்கொண்டு அக்கால மக்கள் அனைவரும் பாடலிலேயே மூழ்கிக் கிடந்தனர் என முடிவுகட்டுவது தவறு. அதே பக்தாதில், அதே ஆண்டுகளில் ஹதீஸ் அவைகளும் சட்ட ஆய்வுகளும் செழித்திருந்தன. கேளிக்கைக் கருவிகளைக் கண்டித்து இப்னு அபித் துன்யா நூலெழுதியதும் அந்நகரில்தான். மறுபுறம், இசை ஆகுமா ஆகாதா என்ற மார்க்கச் சட்ட விவாதம் வேறு. இசைவாணர் வாழ்ந்ததும், அவர்தம் சமூக நிலையும் வரலாற்று உண்மை. முதலாவதன் பொருட்டு இரண்டாவதை அழித்துவிட இயலாது.

ஆகவே அகானியைக் கையிலெடுக்கும் வாசகர், கதைக்கு முன்னுள்ள பெயர்ப் பட்டியலைத் தாண்டிச் செல்லாதிருப்பாராக. மெட்டுகள் காற்றோடு கரைந்துவிட்டன. அவற்றைக் கேட்டவர் யார், யாரிடம் சொன்னார் என்னும் சங்கிலியே எஞ்சியிருக்கிறது. அச்சங்கிலியின் ஒவ்வொரு கண்ணியையும் தட்டிப் பார்த்து ஏற்பதும் தள்ளுவதுமே, போலி நூலொன்றை மறுக்கப் பிறந்த இப்பெருநூலுக்கு நாம் செய்யும் நியாயமாகும்.