தவளை வளர்க்க ஆசையா?

மீன் தொட்டிக் கடையில் வெள்ளை நிற ஆப்பிரிக்கத் தவளையைப் பார்த்தால் பிள்ளைகள் அடம் பிடிக்கும். வாங்கும் முன் யோசியுங்கள் தோழிகளே, அது 15 வருஷம்கூட வாழும்!

தவளை தோல் வழியாகவும் சுவாசிக்கும். அதனால் குளோரின் கலந்த குழாய்த் தண்ணீரை ஒரு நாள் திறந்து வைத்த பிறகே ஊற்றணும். சோப்புக் கையைத் தொட்டியில் விடக்கூடாது. எகிறிக் குதிக்கும், வலை மூடி அவசியம். மண்புழு போட்டால் நன்றாகத் தின்னும்.

அலுத்துப் போச்சுன்னு ஏரியிலோ கிணற்றிலோ மட்டும் விட்டுடாதீங்க. 1930-களில் இருந்து கர்ப்பப் பரிசோதனைக்காகப் பல நாடுகளுக்குப் போன தவளை இது. சிலி, பிரான்ஸ் நாடுகளில் குளம் குட்டைகளில் பெருகி, உள்ளூர் உயிர்களுக்கே எமனாகிவிட்டது. நம்ம ஏரித் தவளைகள் கொசுவையும் பயிர்ப் பூச்சியையும் தின்கிறவை, அவை பிழைக்கணுமே! வளர்க்க முடியாவிட்டால் கடையிலேயே திருப்பிக் கொடுங்கள்.

- ஒரு வாசகி, தெள்ளார்.