கல்யாணச் சட்டையைத் திருத்தும் காசு யார் கொடுப்பது?

போன வருடம் ஒரு சனிக்கிழமை பின்னேரம், ஒருகொடவத்தைச் சந்திக்குக் கிட்ட உள்ள சின்னத் தையல்கடை ஒன்றில் காத்து நின்றேன். எனக்கு முன்னால் ஒரு தாயும் மகளும். மகளுக்கு அடுத்த வியாழன் கல்யாணம். கூறைச்சேலைக்குத் தைத்த சட்டையைத் திரைக்குப் பின்னால் போட்டுப் பார்த்த பிள்ளை கண் கலங்கியபடி வெளியே வந்தாள். வலது கை முழங்கைக்கு மேல் ஏறவில்லை. "அதுக்கென்ன தங்கச்சி, பிரிச்சு விட்டாச் சரிதானே. ஆல்டரேஷனுக்கு ரெண்டாயிரம் வரும்" என்றார் கடைக்காரர். தாய் ஒரு வார்த்தை பேசாமல் கைப்பையைத் திறந்து எண்ணிக் கொடுத்தார்.

மேசையில் கிடந்த அவர்களுடைய துண்டைப் பார்த்தேன். "பிளவுஸ் 1" என்று எழுதி, பக்கத்தில் அட்வான்ஸ் தொகை. அவ்வளவுதான். கைச்சுற்று எத்தனை அங்குலம் என்று எங்கும் இல்லை. அளவெடுத்தவர் பிழை விட்டாரா, வெட்டியவர் பிழை விட்டாரா, பிள்ளைதான் இடையில் கொஞ்சம் உடம்பு வைத்தாளா என்று அந்தத் துண்டை வைத்து யாராலும் சொல்ல முடியாது. எழுதாமல் விட்ட அந்த ஒரு வரிக்காகத்தான் அந்தத் தாய் இரண்டாயிரம் ரூபாய் கட்டினார்.

'ஆல்டரேஷன்' என்ற ஒரு சொல்லுக்குள் நாம் இரண்டு வெவ்வேறு வேலைகளைப் போட்டு மூடிவிடுகிறோம். கொடுத்த அளவுக்கு மாறாகத் தைத்ததைச் சரிசெய்வது ஒன்று. அது கடையின் பிழை, கடைதான் தன் செலவில் திருத்த வேண்டும். கழுத்தை இன்னும் இறக்குங்கள், கைக்கு இன்னொரு வரிசை கல் வையுங்கள் என்று நாம் பிறகு கேட்பது மற்றது. அதற்கு நாம்தான் காசு கொடுக்க வேண்டும், முகம் சுளிக்காமல் கொடுக்க வேண்டும். கல்யாண சீசனில் இரவிரவாக மெஷினுக்கு முன்னால் குந்தியிருப்பவர்களின் கூலி அது. ஆனால் முதலாவதையும் இரண்டாவதின் விலைக்கு வாங்கிக்கொண்டு நாம் வீட்டுக்கு வருகிறோமே, அதைத்தான் நிறுத்த வேண்டும்.

இலங்கைச் சட்டம் இதில் நம் பக்கம் நிற்கிறது. 2003ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கப் பாவனையாளர் அலுவல்கள் அதிகாரசபைச் சட்டம் கடையில் வாங்கும் பொருளுக்கு மட்டும் உரியதல்ல, காசு கொடுத்துச் செய்விக்கும் சேவைக்கும் உரியது. சேவையை உரிய கவனத்தோடும் திறமையோடும் செய்வதாகக் கடைக்காரர் வாக்குக் கொடுத்ததாகவே சட்டம் எடுத்துக்கொள்ளும். அவர் அதை வாயால் சொல்ல வேண்டியதில்லை, பில்லில் அச்சிட வேண்டியதில்லை. புறக்கோட்டையிலோ வெள்ளவத்தை காலி வீதியிலோ ஒரு மாதிரியைக் காட்டி உடுப்பை விற்றால், வந்து சேருவது அந்த மாதிரிக்கு ஒத்ததாக இருக்க வேண்டும் என்பது அதைவிடப் பழைய விதி. அது 1896ஆம் ஆண்டின் பொருள் விற்பனைக் கட்டளைச் சட்டத்திலேயே இருக்கிறது.

சில கடைகள் துண்டின் அடியில் "துணிக்கு ஏற்படும் சேதத்துக்கு நாம் பொறுப்பல்ல" என்று பொடி எழுத்தில் அச்சிட்டு வைத்திருக்கும். அதைப் படித்துவிட்டுப் பலர் வாயை மூடிக்கொள்கிறார்கள். 1997ஆம் ஆண்டின் 26ஆம் இலக்க நியாயமற்ற ஒப்பந்த நியதிகள் சட்டம் இருப்பது அவர்களுக்குத் தெரிவதில்லை. தன் கவனக்குறைவால் வந்த நட்டத்திலிருந்து ஒருவர் இப்படி ஒரு வாசகத்தை மட்டும் எழுதித் தப்பிவிட முடியாது. அந்த நிபந்தனை நியாயமானதா என்ற கேள்விக்கு அவர் பதில் சொல்லியாக வேண்டும்.

ஒரு சட்டைக்காக வழக்கா என்று கேட்பவர்களுக்கு அகமதாபாத்தில் நடந்ததைச் சொல்வேன். 2024 டிசம்பர் 24ஆம் திகதி உறவினர் கல்யாணம் ஒன்றுக்கு உடுக்க ஒரு பெண் சேலைச் சட்டை தைக்கக் கொடுத்து, 4,395 இந்திய ரூபாயை முன்கூட்டியே கட்டினார். எடுக்கப் போனபோது தைத்திருந்தது அவர் சொன்ன மாதிரி இல்லை. திருத்தித் தருகிறேன் என்றார் தையல்காரர். கல்யாண நாள் வந்தது, சட்டை வரவில்லை. அங்குள்ள நுகர்வோர் ஆணையம் அதைச் சேவைக் குறைபாடு என்று தீர்த்து, கட்டிய காசை 7 சதவீத வட்டியோடு திருப்பிக் கொடுக்கவும், மன உளைச்சலுக்கும் வழக்குச் செலவுக்கும் தனியாகக் கொடுக்கவும் 2025இல் உத்தரவிட்டது. அது வேறு நாடு, வேறு சட்டம். ஆனால் ஒரு சட்டை சின்ன விஷயம் என்று அந்த ஆணையம் தள்ளிவிடவில்லை.

வழக்கு வரை போகாமல் இருப்பதற்கான வேலை முழுவதும் முதல் நாளிலேயே இருக்கிறது. அளவெடுத்து முடிந்ததும் கடையின் கொப்பியில் உள்ள பக்கத்தைப் போனில் படம் எடுங்கள். எந்தக் கடைக்காரரும் அதற்கு மறுப்புச் சொல்ல மாட்டார், சொன்னால் வேறு கடை பாருங்கள். முதலில் போட்டுப் பார்க்கும் நாள், முடித்துத் தரும் நாள், அளவு பிசகினால் இலவசத் திருத்தம் என்ற மூன்றையும் துண்டில் எழுதிக் கேளுங்கள். எழுதத் தயங்கினால் அவருக்கே ஒரு வட்ஸ்அப் செய்தியாக அனுப்பி, "ஓம்" என்று ஒரு பதில் வாங்குங்கள். முழுக் காசையும் முதலிலேயே கட்டாதீர்கள்.

கூறைச்சேலைக்கு இன்னொரு எச்சரிக்கை. அதன் சட்டைத்துண்டு சேலையோடு சேர்ந்து நெய்தது. அதை ஒரு தடவை பிழையாக வெட்டினால் அந்த நிறத்தில், அந்தக் கரையில் இன்னொரு துண்டு எங்கும் கிடைக்காது. ஆகவே முதலில் மலிவான பருத்தித் துணியில் ஒரு மாதிரிச் சட்டை தைத்துப் போட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். தோள், கைக்குழி, மார்பு மூன்றும் அதில் சரி என்று கண்ட பிறகே பட்டில் கத்தரி படட்டும். பக்கத் தையலுக்குள் ஒரு அங்குலத் துணியாவது விட்டுத் தைக்கச் சொல்வதும் முக்கியம். பிடித்துத் தைப்பது எப்போதும் முடியும். பிரித்து விடுவதற்கு உள்ளே துணி இருக்க வேண்டும். இல்லாவிட்டால் கைக்குக் கீழே வேறு துண்டு வைத்து ஒட்டுப் போட வேண்டிவரும், அது படத்தில் தெரியும்.

கொட்டாஞ்சேனைத் தேவாலயங்களில் வெள்ளைக் கவுனோடு நிற்கும் மணமகளுக்குச் செலவு வருகிற இடம் பெரும்பாலும் கீழ்மடிப்பு. கவுனின் அடியில் நாலைந்து அடுக்கு இருக்கும், ஒவ்வொன்றையும் தனித்தனியே மடித்துத் தைக்க வேண்டும். ஓரத்தில் லேஸ் இருந்தால் அதைக் கழற்றி, நீளம் குறைத்து, மறுபடி கையால் வைக்க வேண்டும். வெறும் காலோடு நின்று நீளம் பார்த்துவிட்டு, கடைசி வாரத்தில் குதி உயர்ந்த செருப்பு வாங்கினால் அத்தனை அடுக்கையும் திரும்பப் பிரிக்க வேண்டும். அந்தச் செலவு சட்டப்படியும் நியாயப்படியும் நம்முடையது. ஆகவே செருப்பையும் அன்றைக்குப் போடும் உள்ளாடையையும் முதலில் வாங்கி, அவற்றோடு போய் நில்லுங்கள். வாடகைக்கு எடுக்கும் கவுன் என்றால், வாங்கும்போதே முன்னும் பின்னும் படம் எடுத்து வையுங்கள். ஏற்கெனவே உதிர்ந்திருந்த மணிக்கு உங்கள் வைப்புப் பணத்தில் கழிக்காமல் இருக்க அதுவே சாட்சி.

பில்லில் 18 சதவீத வற் வரி சேர்த்திருந்தால் கடையின் வற் பதிவு இலக்கத்தைக் கேளுங்கள். பதிவு செய்யாத கடைக்கு அந்த வரியை அறவிட உரிமை இல்லை.

இவ்வளவுக்குப் பிறகும் பிசகினால், கடையில் சத்தம் போடுவதற்கு முன் எழுத்தில் கேளுங்கள்: அளவு இது, தைத்தது இது, இன்ன திகதிக்குள் திருத்தித் தாருங்கள். நாள் நெருங்கிவிட்டதால் வேறொருவரிடம் கொடுத்துத் திருத்த நேர்ந்தால், அவர் தரும் ரசீதை வாங்கி வையுங்கள். திருத்துவதற்கு முன் உடுப்பை உடம்பில் போட்டபடி ஒரு படமும் எடுங்கள். திருத்திய பிறகு பழைய பிழையைக் காட்ட வேறு வழி இருக்காது.

பாவனையாளர் அலுவல்கள் அதிகாரசபையின் உடனடித் தொலைபேசி இலக்கம் 1977. தலைமை அலுவலகம் கொழும்பு 2, வொக்ஸ்ஹோல் வீதியில் இருக்கிறது. முறைப்பாட்டை எழுத்தில், சேவை கிடைத்த நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள் கொடுக்க வேண்டும். கல்யாணம், விருந்து, உறவினர் வீடு என்று போகும்போது மூன்று மாதம் கண்மூடித் திறப்பதற்குள் ஓடிவிடும், பலர் உரிமையை இழப்பது இங்கேதான். விசாரித்த பின் நட்டஈடு கொடுக்கவோ காசைத் திருப்பிக் கொடுக்கவோ கடைக்கு உத்தரவிட அதிகாரசபைக்கு அதிகாரம் உண்டு. பேசித் தீர்க்க விரும்பினால், 1988ஆம் ஆண்டின் 72ஆம் இலக்கச் சட்டப்படி அமைந்த மத்தியஸ்த சபை உங்கள் பகுதியிலும் இருக்கும். அங்கே சட்டத்தரணி தேவையில்லை. தையல்காரரும் நீங்களும் நேருக்கு நேர் இருந்து பேசலாம்.

சிங்களத்தில் எழுதத் தெரியாதே என்று தயங்க வேண்டாம். தமிழும் இந்நாட்டின் அரச கரும மொழி. முறைப்பாட்டைத் தமிழில் எழுதலாம், பதிலையும் தமிழில் கேட்கலாம். கொப்பியின் படம், துண்டு, வட்ஸ்அப் செய்தி, உடுப்புப் போட்ட படம், இரண்டாவது கடையின் ரசீது எல்லாவற்றுக்கும் பிரதி எடுத்து இணையுங்கள். மூலப் பிரதிகள் உங்கள் கையிலேயே இருக்கட்டும்.