கடல் கடந்த கட்டுமரம்

நம் இல்லத்துப் பிள்ளைகள் பள்ளியிலே 'கேட்டமரான்' என்னும் ஆங்கிலச் சொல்லைப் படிக்கின்றனர். இரண்டு உடல்களை இணைத்துக் கட்டிய படகு என்று பொருளும் எழுதுகின்றனர். விடை சரியே. ஆயினும் அச்சொல் தம் தாய்மொழியிலே பிறந்தது என்பதை அவர்களுள் எத்தனை பேர் அறிவர்? சங்குமுகத்திற்கும் விழிஞத்திற்கும் மாலையிலே காற்று வாங்கச் செல்லும் பெற்றோர், அதனை அங்கேயே எடுத்துரைக்கலாம்.

கட்டுமரம் என்பது கட்டப்பட்ட மரம். எடை குறைந்த மரங்களைச் செதுக்கி, பக்கம் பக்கமாக வைத்து, கயிற்றால் பிணைப்பர். அலை மேலே புரண்டாலும் நீர் இடுக்குகளின் வழியே வடிந்துவிடும். ஆதலால் படகைப் போல நீர் நிறைந்து அது மூழ்குவதில்லை. கரை சேர்ந்ததும் கட்டினை அவிழ்த்து மரங்களை மணலிலே உலர்த்துவர். மறுமுறை கடலுக்குச் செல்லுகையில் மீண்டும் பிணைப்பர். தென்னை நார்க் கயிற்றை ஆங்கிலேயர் 'காயர்' என்றழைப்பது மலையாளக் 'கயர்' என்பதிலிருந்து வந்தது. நாம் கயிறு என்கிறோம். மரத்தின் பெயரைத் தமிழும் கயிற்றின் பெயரைச் சேரநாட்டு மொழியும் ஆங்கிலத்திற்கு வழங்கியுள்ளன. இவ்வூரில் வாழும் நமக்கு இது மகிழத்தக்க செய்தியன்றோ?

வில்லியம் டாம்பியர் என்னும் ஆங்கில மாலுமி 1697-இல் வெளியிட்ட பயண நூலிலே, சோழமண்டலக் கரையின் இம்மிதவைகளைப் பெயர் சுட்டி எழுதினார். அதன்பின் சொல் பலவாறு பொருள் மாறிற்று. 1804-இல் பிரெஞ்சுக் கப்பல்களைத் தகர்க்க பூலோன் துறைமுகத்தில் ஆங்கிலேயர் மிதக்கவிட்ட வெடிமருந்துப் பெட்டிகளும் இப்பெயர் பெற்றன. சண்டைக்காரப் பெண்ணைக் குறிக்கும் ஏச்சாகவும் சில காலம் இச்சொல் வழங்கிற்று. 1876-இல் அமெரிக்கரான நத்தானியல் ஹெர்ரஷாஃப் இரட்டையுடல் பாய்ப்படகு ஒன்றைக் கட்டிப் பந்தயத்தில் ஓட்டினார். இன்றைய பொருள் அதன்பின் நிலைபெற்றது. இரட்டையுடல் படகுக் கலை பசிபிக் தீவினருக்கு உரியது. பெயர் மட்டுமே நம்முடையது. பெருமை பேசுகையிலும் உண்மை வழுவலாகாது.

பின்னர் மூன்று உடல்கள் கொண்ட படகு தோன்றவே, அதற்கு 'ட்ரைமரான்' என்று பெயரிட்டனர். 'ட்ரை' என்றால் மூன்று. சொல்லின் முற்பகுதியை வெட்டியெறிந்து அந்த இடத்தில் எண்ணை ஒட்டினர். அவ்வாறு எறியப்பட்டது 'கட்டு'. மரம் எஞ்சிற்று, மரங்களைச் சேர்த்து வைத்த பிணைப்பு போயிற்று. தமிழறியாதார் செய்ததை நாம் குறை கூற இயலாது.

ஆனால் நம் வீடுகளில் அதே வெட்டு நிகழ விடலாமா? 1980-களிலிருந்து இக்கரையில் ஒட்டுப்பலகைப் படகுகளும் பொறி பூட்டிய படகுகளும் பெருகக் கட்டுமரங்கள் அருகி வருகின்றன. பொருள் கண்ணை விட்டு மறைந்தால் சொல்லும் வெறும் ஒலியாகிவிடும். ஆதலின் அடுத்த விடுமுறையில் பிள்ளைகளைக் கரைக்கு அழைத்துச் செல்லுங்கள். மணலிலே உலரும் மரங்களைக் கண்டால், அவற்றைப் பிணைக்கும் கயிற்றையும் தொட்டுப் பார்க்கச் செய்யுங்கள். வீடு திரும்பியதும், ஆங்கிலக் குறிப்பேட்டில் அச்சொல்லின் பக்கத்தில் 'கட்டுமரம்' என்று தமிழெழுத்திலே அவர்கள் கையால் எழுதச் சொல்லுங்கள்.